இருநூறு மீட்டர் கிழக்கே

செவ்வாய்க்கிழமை காலை பதினொன்றரை மணிக்குச் சாலை இன்ஜினியர் ஓர் இனிப்பு டப்பாவோடு அலுவலகத்துக்கு வந்து நின்றார். நல்ல செய்தி சொல்ல வருகிறவர்களைப் பார்த்தாலே பாசியம்மாவுக்குக் கொஞ்சம் பயம். கெட்ட செய்திக்காரர் உட்காருவார், தண்ணீர் கேட்பார், சுற்றி வளைத்துத்தான் விஷயத்துக்கு வருவார்; அதற்குள் மனதைத் தேற்றிக்கொள்ள நமக்கும் நேரம் கிடைக்கும். நல்ல செய்திக்காரர்களுக்கு அந்த இங்கிதமெல்லாம் கிடையாது.

“மேடம், உங்க செடியைக் காப்பாத்திட்டோம்!” என்றார் அவர், வாசற்படியில் நின்றபடியே.

பாசியம்மா என்பது தாவரக் கணக்கெடுப்பு அலுவலகம் அவளுக்கு வைத்த பெயர். மற்ற ஆய்வாளர்கள் மரம் பார்ப்பார்கள், பூ பார்ப்பார்கள், தலையை நிமிர்த்திக்கொண்டு காய்ந்த பாதையில் நடப்பார்கள். இவள் மட்டும் இருபத்தாறு வருஷமாக ஈரப் பாறைகளுக்கு முன்னால் மண்டியிட்டுக் கிடந்தாள். பாசியோ பெரணியோ, பாறையிடுக்கில் பச்சையாக எது ஒட்டிக்கொண்டிருந்தாலும் அது அவள் இலாகா. அதன் பலனாக முழங்காலில் ஓர் ஆபரேஷனும் மூன்று மாத விடுப்பும் கிடைத்தன. முந்தைய நாள்தான் வேலைக்குத் திரும்பியிருந்தாள்.

அந்த மூன்று மாதத்துக்குள் என்னவெல்லாமோ நடந்து முடிந்திருந்தது. பள்ளத்தாக்கு வழியாகப் புதுச் சாலை வருகிறது. பாறையை உடைக்க வேண்டும். உடைக்கும் முன் அரிய செடி ஏதாவது உண்டா என்று அலுவலகத்தைக் கேட்டிருக்கிறார்கள். இவள் கட்டிலில் காலை நீட்டிப் படுத்திருந்த சமயம், வேறொருவர் பூட்டிய பதிவேட்டைத் திறந்து, இவள் எழுதி வைத்த இடத்தின் எண்களை அப்படியே நகலெடுத்துக் கொடுத்துவிட்டார். சாலைக் கோடு சரியாக அந்த இடத்தின் மேலேயே போயிருக்கிறது. இன்ஜினியருக்கு முப்பத்தைந்து வயதுதான் இருக்கும். அவர் மேலிடத்தோடு மல்லுக்கட்டிக் கோட்டையே வளைத்துவிட்டார்.

“எல்லாரும் சிரிச்சாங்க மேடம். ஒரு செடிக்காகவான்னு கேட்டாங்க. நான் விடலை,” என்று சொல்லி வரைபடத்தை அவள் மேசையில் விரித்தார். “பாருங்க, புள்ளி புள்ளியா இருக்கறது பழைய கோடு. சிவப்பு புதுசு. உங்க செடியிலிருந்து இருநூறு மீட்டர் மேற்கே தள்ளிட்டோம். வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு முதல் வெடி.”

பாசியம்மா சிவப்புக் கோட்டைப் பார்த்தாள். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தாள்.

“எடுத்துக்கங்க மேடம்,” என்று இன்ஜினியர் டப்பாவைத் திறந்து நீட்டினார். அவள் ஒன்றை எடுத்து வாயில் போட்டு மென்றாள். என்ன ருசி என்று கேட்டிருந்தால் சொல்லத் தெரிந்திருக்காது.

விஷயம் இதுதான். செடி பதிவேட்டில் இருந்த இடத்தில் இல்லை. அங்கே எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. அது அங்கிருந்து சரியாக இருநூறு மீட்டர் மேற்கே இருந்தது.

அந்தச் செடிக்குக் கண்ணாடிப் பெரணி என்று அவளே பெயர் வைத்திருந்தாள். சுண்டுவிரல் நீள இலை. தோல் என்று தனியாக ஒன்று கிடையாது, அவ்வளவு மெல்லியது. பின்னால் ஓர் எழுத்தை வைத்தால் இலை வழியாகப் படித்துவிடலாம். தண்ணீரைப் பிடித்து வைக்கத் தோல் இல்லாததால் அதைச் சுற்றிக் காற்று எப்போதும் நனைந்தே இருக்க வேண்டும். நீர் கசிகிற பாறைப் பிளவு, நாள் முழுக்க நிழல், காற்று புகாத மூலை என்று கல்யாணப் பெண் வீட்டார் மாதிரி அதற்கு ஆயிரம் நிபந்தனை. ஒரு மணி நேர வெயில் போதும், சுருண்டுவிடும். பெயர்த்து வேறிடத்தில் வைத்தால் ஆறு நாள் அழகாக இருந்துவிட்டு ஏழாம் நாள் கறுத்துவிடும்.

அந்த ஆறு நாள்தான் வினை. கண்ணாடிக் குடுவைக்குள் வைத்து விற்க ஆறு நாள் தாராளம்.

பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் முதன்முதலாக அதை ஒரு பாறையில் கண்டுபிடித்த நாள், சந்தோஷத்தில் தலைகால் புரியாமல், நேரே அக்கா வீட்டுக்குப் போய்ச் சாப்பிட உட்கார்ந்து எல்லாவற்றையும் கொட்டிவிட்டாள். அக்காவின் கணவர் அலங்காரச் செடிக் கடை வைத்திருந்தார். நல்ல மனுஷர், வாய் நிறைய “ஏம்மா, ஏம்மா” என்பார். அன்றைக்கும் அவளுக்கு இரண்டாம் தடவை அவரே எடுத்துப் பரிமாறி, “ஓடைக்கு வலது பக்கமா இடது பக்கமா?” என்று மட்டும் கேட்டார். எட்டு நாள் கழித்து அவள் திரும்பப் போனபோது பாறை மழுமழுவென்று சிரைத்த மாதிரி இருந்தது. அத்தான் கடை அலமாரியில் பதினோரு குடுவைகள். “ஐயோ, இதுவா அது? யாரோ கொண்டுவந்து கொடுத்தாங்கம்மா,” என்றார் அவர், கண்ணை அகல விரித்துக்கொண்டு. அக்காவின் முகத்தைப் பார்த்து இவள் வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டாள். வீட்டுக்கு வந்து குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள்.

மறு வருஷமே வேறொரு பள்ளத்தில், இரண்டாவது பாறையில், அதே பெரணி கிடைத்தது. அந்தச் சுற்றுவட்டாரத்தில் மிச்சமிருந்தது அது ஒன்றுதான். இப்படிப்பட்டவற்றை ஊருக்குத் தெரிகிற அறிக்கையில் மொட்டையாகப் பள்ளத்தாக்கின் பெயரோடு நிறுத்திவிடுவார்கள். சரியான இடத்தைப் பூட்டிய பதிவேட்டில் மட்டும் எழுதுவார்கள். இது அவர்கள் தொழிலில் எல்லோரும் செய்வது. ஆனால் இந்த அலுவலகத்துப் பூட்டின் லட்சணம் அவளுக்குத் தெரியும். அலமாரிச் சாவி அலமாரிக்குப் பக்கத்திலேயே ஓர் ஆணியில் தொங்கும், யாரும் தேடி அலையக் கூடாதே என்று. அதனால் பூட்டிய பதிவேட்டிலும் அவள் பொய்தான் எழுதினாள். இருநூறு மீட்டர் கிழக்கே தள்ளி எழுதினாள். யாரிடமும் மூச்சு விடவில்லை, புருஷனிடம்கூட. வருஷத்துக்கு ஒரு தடவை உண்மையான இடத்துக்குத் தனியாகப் போய்ப் பார்த்துவிட்டு வந்து, பொய்யான இடத்துக்கு நேரே ‘நலம்’ என்று எழுதுவாள். இதுவரை பத்து நலம் ஆகியிருந்தது.

திருடனை ஏமாற்ற வைத்த பொறியில், பாவம், ஒரு நல்லவர் வந்து காலை விட்டிருந்தார். அவர் செடியைக் காப்பாற்றுகிறேன் என்று சாலையைத் தூக்கிச் செடியின் தலை மேலேயே வைத்துவிட்டார்.

புதன்கிழமை முழுக்க அவளுக்கு இருப்புக் கொள்ளவில்லை. அலுவலகத்தில் நாற்காலியில் உட்கார்ந்தால் எழுந்திருக்கத் தோன்றியது. எழுந்தால் முழங்கால் திட்டியது. நான்கு தடவை தண்ணீர் பிடிக்கப் போய், நான்கு தடவையும் பாட்டிலை அங்கேயே வைத்துவிட்டு வந்தாள். ஆணியிலிருந்து சாவியை எடுத்து, அலமாரியைத் திறந்து, தன் கையெழுத்தையே வெறித்துப் பார்த்தாள். பேனாவால் ஒரு எண்ணை மாற்றிவிடலாம்தான். அதன் நகல் மூன்று அலுவலகங்களுக்குப் போய் முத்திரை வாங்கியிருக்கிறதே.

போய்ச் சொல்லிவிடலாம். சொன்னால் வேலை போகும், அது போகட்டும். ஆனால் உண்மையான இடம் சாலைக் கோப்பில் ஏறும். அந்தக் கோப்பு எத்தனை மேசை தாண்டுமோ, எத்தனை பேர் புரட்டுவார்களோ. எங்காவது ஒரு மேசையில் அத்தானுக்கு வேண்டியவர் ஒருவர் உட்கார்ந்திருக்காமலா இருப்பார்? சொல்லாவிட்டால் வெள்ளிக்கிழமை வெடி. சொன்னால் அடுத்த வாரம் குடுவை. அவள் இன்ஜினியரின் எண்ணை ஏழு தடவை எடுத்தாள், ஏழு தடவையும் மணி அடிக்கும் முன்பே வைத்துவிட்டாள்.

சாயங்காலம் வீட்டில் புருஷன் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் லிஃப்ட் மெக்கானிக். பிறர் மேலேயும் கீழேயும் போவதைக் கவனிப்பது அவர் பிழைப்பு.

“நீ இந்த ஹாலுக்கும் சமையலறைக்கும் இருபது தடவை போய்ட்டு வந்துட்டே. ஒரு லிஃப்ட் இப்படிப் பண்ணினா நான் கழற்றிப் பார்த்திருப்பேன்.”

“கால் மரத்துப் போகுதுங்க. டாக்டர் நடக்கச் சொல்லியிருக்கார்.”

“டாக்டர் நடக்கச் சொன்னார். பாத்திரத்தைக் கழுவினதையே கழுவச் சொன்னாரா?”

அவள் கையிலிருந்த தம்ளரைப் பார்த்தாள். அதை மூன்றாவது தடவையாகக் கழுவிக்கொண்டிருந்தாள். அவரிடம் சொல்லிவிடலாமா என்று நாக்கு நுனி வரைக்கும் வந்தது. “உன் செடி விஷயத்துல என்னையும் நீ திருடன் லிஸ்ட்லதான் வச்சிருக்கே,” என்று அவர் எப்போதோ ஒரு தடவை, சிரித்துக்கொண்டுதான், சொல்லியிருந்தார். அது அவளுக்குள் இன்னமும் குத்திக்கொண்டே இருந்தது. இருந்தும் தம்ளரைக் கவிழ்த்து வைத்துவிட்டுப் பேசாமல் போய்ப் படுத்தாள்.

வியாழக்கிழமை விடிந்ததும் எழுந்து, யோசிக்க நேரம் கொடுக்காமல், முதல் பஸ்ஸைப் பிடித்துவிட்டாள். சாலை வேலைக்காரர்களின் தகரக் கொட்டகை பள்ளத்தாக்கின் வாயிலேயே இருந்தது. இன்ஜினியர் ஹெல்மெட்டோடு உட்கார்ந்து ஏதோ படிவத்தை நிரப்பிக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் முகம் மலர்ந்து எழுந்தார்.

“தம்பி, அந்தச் செடி அங்க இல்லை,” என்றாள் அவள். செவ்வாய்க்கிழமை சார் என்று அழைத்தவரை ஏன் தம்பி என்றாள் என்று அவளுக்கே தெரியாது.

“எங்க இல்லை?”

“நான் எழுதின இடத்துல.”

“அடடா. செத்துப்போச்சா மேடம்?”

“இல்லை. அங்க எப்பவுமே இருந்ததில்லை. நான் பொய்யா எழுதினேன்.”

இன்ஜினியர் ஹெல்மெட்டைக் கழற்றி மேசையில் வைத்தார். பேனாவை மூடினார். அதைத் திரும்பத் திறந்தார்.

“மூணு மாசம் மேடம். மேலிடத்துல நான் யார் யார்கிட்ட கத்தியிருக்கேன் தெரியுமா? எங்கப்பா ஒரு செடிக்காக ரோட்டை வளைச்சார்னு என் பொண்ணு ஸ்கூல்ல கட்டுரை எழுதிப் படிச்சிருக்கா. எல்லாரும் கை தட்டினாங்களாம்.” குரல் உடைந்தது. “சரி. அப்ப நிஜமா எங்கதான் இருக்கு?”

“நீங்க வளைச்ச இடத்துல.”

அவர் எழுந்து வெளியே போய்விட்டார். தகரச் சுவரை ஒரு தடவை ஓங்கித் தட்டுகிற சத்தம் கேட்டது. பாசியம்மா உள்ளேயே நின்றாள். அவமானத்தில் காது மடல் சுட்டது. திட்டியிருந்தால்கூடத் தேவலை என்றிருந்தது. கொஞ்ச நேரம் கழித்து அவர் தலையை மட்டும் உள்ளே நீட்டி, “காட்டுங்க,” என்றார்.

அவள் பத்து வருஷமாகத் தனியாக நடந்த வழியில் முதல் தடவையாக இன்னொரு காலடிச் சத்தம் பின்னால் வந்தது. ஓடையைத் தாண்டி, சரிவில் அவள் வழுக்கியபோது அவர் முழங்கையைப் பிடித்துக்கொண்டார், பேசாமல்தான். பாறைப் பிளவு ஓர் ஆள் பக்கவாட்டில் நுழைகிற அகலம். அதன் நெற்றியில் சிவப்புப் பெயின்டில் 17 என்று எழுதியிருந்தது. அதற்குக் கீழே, வெடி வைப்பதற்காக, புதிதாகத் துளைத்த மூன்று ஓட்டைகள்.

உள்ளே குனிந்தவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. பெரணி இருந்தது. ஆனால் துளை போட்ட தூசி மாவு மாதிரி அதன் மேல் படிந்து, பாதி இலைகள் நுனியில் சுருண்டிருந்தன. மீதிப் பாதியில் நீர்த்துளி இன்னும் நின்றது.

“எங்க மேடம்?”

“இதோ.”

“இதுவா? இவ்வளவுதானா?”

“இவ்வளவுதான்.” இரண்டு உள்ளங்கை அகலம்.

“தொடாதீங்க,” என்று அவள் சொல்வதற்குள் அவரே கையை இழுத்துக்கொண்டார். சட்டைப்பையிலிருந்து மடித்த வரைபடத்தை எடுத்து, இலையில் படாமல், அதற்குப் பின்னால் மெதுவாகப் பிடித்தார். தூசி படாத ஓர் இலை வழியாக அவர் வரைந்த சிவப்புக் கோடு அப்படியே தெரிந்தது. இன்ஜினியர் வெகுநேரம் அதையே பார்த்தார். பிறகு, “தூசி?” என்று கேட்டார்.

“இந்த வாரத்துக்குள்ள நல்ல மழை ஒண்ணு பெய்தா கழுவிடும். பெய்யலேன்னா...”

“சரி. நீங்க பதிவைத் திருத்துங்க. நான் கோட்டைப் பழைய இடத்துக்கே கொண்டுபோறேன்.”

அப்போதுதான் அவள் அத்தான் கதையைச் சொன்னாள். பன்னிரண்டு வருஷத்தில் முதல் தடவையாக, ஒரு பாறை முன்னால், முழுசாகத் தெரியாத ஓர் ஆளிடம் சொன்னாள். “திருத்தினா இந்த இடம் உங்க ஃபைல்ல ஏறும் தம்பி. அது எத்தனை பேர் கைக்குப் போகும்?”

இன்ஜினியர் மனதுக்குள் எண்ணிப் பார்த்தார். “நாப்பது பேர். காப்பி எடுத்தவங்க தனி.”

“அப்ப முடிஞ்சுது.”

“மேடம், நான் ஒண்ணு சொல்றேன். இந்த இடத்தை விட்டுட்டுப் போறதுக்கு எனக்குக் காரணம் இருக்கு. பாறை பிளந்திருக்கு, தண்ணி கசியுது, உடைச்சா மேலிருந்து சரியும். இதை நான் எழுதலாம், பொய்கூட இல்லை. ஆனா இதை விட்டா நான் எங்க போவேன்? பழைய கோட்டுக்குத்தான் போகணும். அங்க ஏற்கெனவே துளை போட்டுத் தயாராதான் இருக்கு, கான்ட்ராக்டருக்கும் அதுதான் வேணும். போக முடியலையே! அங்க உங்க செடி இருக்கே!” அவர் சிரித்தார், நல்ல சிரிப்பில்லை. “பேப்பர்ல இருக்கற செடி.”

பாசியம்மா ஈரப் பாறையிலேயே உட்கார்ந்துவிட்டாள். ஆபரேஷன் செய்த கால், உட்காரக் கூடாது. உட்கார்ந்தாள்.

“பேப்பர்ல இருக்கற செடி செத்துப்போனா?” என்றாள்.

அவர் புரியாமல் பார்த்தார்.

“நான் போய்ப் பார்த்தேன், பதிவான இடத்துல செடி இல்லைன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டா, நீங்க பழைய கோட்டுக்குப் போகலாமா?”

“போகலாம்,” என்றார் அவர். உடனே அவருக்கும் உறைத்தது. “மேடம், அப்படி எழுதினா இந்தச் செடியே இந்தப் பக்கம் எங்கேயும் இல்லைன்னு ஆயிடுமே.”

ஆகும். அது அவளுக்குத் தெரியாதா? உலகத்தில் அவள் பெயர் தெரிந்தவர்கள் விரல் விட்டு எண்ணும் அளவுதான். செடிகளின் பெரிய பட்டியலில் இந்தப் பகுதிக்கு நேரே ‘ஓர் இடம்’ என்று ஒரு வரி இருந்தது. இருபத்தாறு வருஷம் மண்டியிட்டதற்கு அந்த வரிதான் மிச்சம். அது இனி ‘இல்லை’ என்று மாறும். செடி உயிரோடு இருக்கும்போதே அதற்கு அவள் கையாலேயே சாவுச் சீட்டு எழுத வேண்டும். எழுதிவிட்டு வாழ்நாள் முழுக்க அதைப் பற்றி ஒருவரிடமும் பேசக் கூடாது.

“வாங்க,” என்று எழுந்தாள். “அந்த இடத்துக்கும் போகணும்.”

“எதுக்கு? அங்கதான் ஒண்ணும் இல்லையே.”

“போய்ப் பார்த்தேன்னு எழுதப் போறேன் தம்பி. பார்க்காம எப்படி எழுதறது?”

இருநூறு மீட்டர் கிழக்கே, வெயிலில் காய்ந்துகொண்டிருந்த ஒரு மொட்டைப் பாறை. பத்து வருஷம் ‘நலம்’ என்று எழுதிய இடத்தை அவள் முதல் தடவையாகக் கண்ணால் பார்த்தாள். ஓர் ஓணான் தலையை ஆட்டிவிட்டு ஓடியது. அவள் பையிலிருந்து லென்ஸை எடுத்து, ஒவ்வொரு விரிசலாக, அரை மணி நேரம் ஒழுங்காகத் தேடினாள். இன்ஜினியர் ஹெல்மெட்டைக் கையில் பிடித்துக்கொண்டு வெயிலில் நின்றார். கடைசியில் அவரும் குனிந்து ஒரு பக்கம் தேட ஆரம்பித்துவிட்டார். “இல்லை மேடம்,” என்றார் தீவிரமாக. “இந்தப் பக்கமும் இல்லை.” அந்த வாரத்தில் முதல் தடவையாக அவளுக்குச் சிரிப்பு வந்தது.

மத்தியானம் அலுவலகத்தில் அவளுடைய மேலதிகாரி அறிக்கையை இரண்டு தடவை படித்தார். அவளைவிடப் பத்து வயது சின்னவர், மரத்துக்காரர். ‘பதிவான இடத்தில் இன்று நேரில் ஆய்வு செய்தேன். செடி காணப்படவில்லை.’ ஒவ்வொரு சொல்லும் நிஜம்.

“போன வருஷம் நலம்னு எழுதியிருக்கீங்களேம்மா. அதுக்குள்ள எப்படிப் போச்சு?”

அவள் வாயைத் திறப்பதற்குள் பக்கத்தில் நின்ற இன்ஜினியர் ஓர் அடி முன்னால் வந்தார். “எங்க டிரில்லிங் தூசியா இருக்கும் சார். நாங்கதான் கவனிச்சிருக்கணும்.”

“காப்பாத்தறேன்னு சொல்லிச் சொல்லியே கொன்னுட்டீங்க,” என்றார் மேலதிகாரி. “நான் உங்க மேலிடத்துக்கு எழுதுவேன்.”

“எழுதுங்க சார்,” என்றார் இன்ஜினியர்.

பாசியம்மா அவர் முகத்தை ஏறிட்டுப் பார்க்க முடியாமல் கையெழுத்துப் போட்டாள். அவள் தலையைக் குனிந்துகொண்டதை மேலதிகாரி துக்கம் என்று எடுத்துக்கொண்டார். அவர் எழுந்து வந்து, “விடுங்கம்மா, உங்களால ஆனதைச் செஞ்சீங்க,” என்று ஆறுதல் சொன்னபோது அவளுக்கு நிஜமாகவே அழுகை வந்துவிட்டது.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு அவள் சுவர்க் கடிகாரத்துக்கு எதிரில் நின்றுகொண்டிருந்தாள். பத்து இருபதுக்கு ஃபோன் வந்தது.

“முடிஞ்சுது மேடம். பழைய கோட்டுலதான். சின்னச் சின்ன வெடியாதான் வச்சோம்.”

“அங்க எப்படி...?”

“நான் போய்ப் பார்க்கலை. பார்க்கவும் கூடாது. நீங்களும் வராதீங்க மேடம். இல்லாத செடியைத் தேடிக்கிட்டு ஏன் வர்றாங்கன்னு யாராவது கேப்பாங்க.” கொஞ்சம் நிறுத்தி, “வானம் வெளுத்துக் கிடக்கு,” என்றார்.

சனிக்கிழமையும் வெளுத்தே கிடந்தது. பாசியம்மா அரை மணிக்கொரு தடவை பால்கனிக்குப் போய் வந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை பேப்பரில் செய்தி வந்துவிட்டது. சாலையை வளைத்தும் செடி பிழைக்கவில்லை, கோடு மறுபடி பழைய இடத்துக்கே என்று கேலியாக நாலு வரி. இன்ஜினியரின் பெண் திங்கட்கிழமை எந்த முகத்தோடு பள்ளிக்கூடம் போகும் என்று நினைத்தபோது அவளுக்குச் சோறு இறங்கவில்லை. தட்டை வைத்துவிட்டுக் கை கழுவும்போது ஃபோன் அடித்தது. அத்தான்.

“பேப்பர்ல பார்த்தேன்ம்மா. மனசே கேக்கலை. உங்கக்காவும் அழறா.”

“ம்.”

“ஏம்மா, உன்கிட்ட சொல்றதுக்கென்ன. கோவிச்சுக்காதே. உங்க ஆபீஸ்ல நமக்குத் தெரிஞ்சவர் ஒருத்தர்கிட்ட அந்த இடத்து நம்பரை வாங்கிக்கிட்டு நானே மூணு தடவை போய்த் தேடியிருக்கேன். சும்மா, பார்க்கத்தான். ஒரு இலைகூடக் கண்ணுல படலை. சுள்ளுனு வெயில் காயற பாறை. அப்பவே எனக்கு ஒரு சந்தேகம்.”

“என்ன சந்தேகம்?”

“நீ பார்த்துட்டு வந்த கொஞ்ச நாள்லயே அது செத்திருக்கும்னுதான். நீ என்னடான்னா வருஷா வருஷம் நலம் நலம்னு எழுதிக்கிட்டிருந்திருக்கே. பாவம், உனக்குச் சொல்ல மனசு வரலை. புரியுதும்மா. நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்.”

மூன்று தடவை. இந்தப் பத்து வருஷத்தில் மூன்று தடவை அத்தான் பையும் கத்தியுமாகப் போய், அந்த மொட்டைப் பாறையில் ஓணானைப் பார்த்துவிட்டுத் திரும்பியிருக்கிறார். வியாழக்கிழமை வரை அவள் தன்னையே காறித் துப்பிக்கொண்டிருந்த அந்தப் பொய், மூன்று தடவை செடியின் குறுக்கே நின்று கத்தியை மறித்திருக்கிறது. சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்து, எதுவென்று தெரியாமல் குரல் கம்மியது.

“ஆமா அத்தான்,” என்றாள். “அப்பவே போயிடுச்சு.”

“அழாதேம்மா. வேற எங்கயாவது கிடைக்கும். கிடைச்சா முதல்ல எனக்குத்தான் சொல்லணும், சரியா?”

“சரி அத்தான்.”

ஃபோனை வைத்துவிட்டு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். புருஷன் சாப்பாட்டுத் தட்டோடு அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“யாரு?”

“அத்தான். துக்கம் விசாரிச்சார்.”

அவள் இரண்டடி பால்கனிப் பக்கம் போனாள், திரும்பி வந்தாள், மறுபடி போனாள். மேற்குப் பக்கத்தை எதிர் கட்டடம் மறைத்திருந்தது.

“என்னங்க,” என்றாள், “மொட்டைமாடிக்குப் போய், மேற்கே மழை வருதான்னு பார்த்துட்டு வர்றீங்களா? எனக்குப் படி ஏற முடியலை.”

“மழையா? செத்த செடிக்கு எதுக்கு மழை?”

அவர் அவள் முகத்தைப் பார்த்தார். பத்து வருஷமாகக் கேட்காத கேள்வியை அவர் அன்றைக்கும் கேட்கவில்லை. பாதிச் சாப்பாட்டில் எழுந்து, கையைக் கழுவி, செருப்பைக்கூடப் போடாமல் படியேறிப் போனார். அவள் மாடிப்படிக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு கீழே நின்றாள்.

மேலிருந்து அவர் குரல் கேட்டது. “நல்லா கறுத்துக்கிட்டு வருது!”